"நெட்ல இருக்கிறத தானே ஏத்திக் குடுக்கிறேன், இதுல என்ன தப்பு?"

கேள்வி: வணக்கம் வக்கீல் மேடம். மதுரை பக்கம் ஒரு சின்ன ஊர்ல பத்து வருஷமா மொபைல் சர்வீஸ் கடை வச்சிருக்கேன். முன்னாடி மெமரி கார்டுல பாட்டு, படம் ஏத்திக் குடுப்பேன், கார்டுக்கு 30, 50 ரூவா. இப்ப கஸ்டமருக்காக டெலிகிராம்ல ஒரு சேனல் வச்சு புதுப்பட லிங்க் போடுறேன், 14 ஆயிரம் பேர் இருக்காங்க. போன வருஷம் காப்பிரைட்னு சொல்லி சேனல தூக்கிட்டாங்க, வேற பேர்ல திரும்ப ஆரம்பிச்சேன். போன மாசம் ஒருத்தர் மெசேஜ் பண்ணாரு, பெட்டிங் ஆப் விளம்பரத்த சேனல்ல பின் பண்ணி வச்சா மாசம் 15 ஆயிரம் தர்றாராம். தியேட்டர்ல தெரிஞ்ச ஆள் இருந்தா சொல்லுங்க, தனியா காசு இருக்குன்னும் கேட்டாரு. என் மச்சான் பக்கத்து டவுன் தியேட்டர்ல ஆப்பரேட்டர். நான் படத்த திருடல, நெட்ல இருக்கிறத தான் குடுக்கிறேன். எங்க ஊர் தியேட்டர் கல்யாண மண்டபம் ஆகி வருஷமாச்சு. கோடி கோடியா வாங்குற ஹீரோவுக்கு என்னால என்ன நஷ்டம்? இது போலீஸ் கேஸ் ஆகுமா?

பதில்:

தம்பி, உங்க மச்சான் விஷயத்த போற போக்குல ஒரு வரியில எழுதிட்டு போயிட்டீங்க, நான் அங்க இருந்து தான் ஆரம்பிக்கணும். மத்தத ஒரு வாரம் கழிச்சு பேசினாலும் பரவால்ல, இது இன்னைக்கே முடிக்க வேண்டியது. அந்த ஆள்கிட்ட மச்சான் பேரையோ எந்த ஊர் தியேட்டர்ங்கிறதையோ சொல்லாதீங்க. ஏற்கனவே சொல்லிட்டீங்கன்னா இத படிச்சு முடிக்கிறதுக்குள்ள மச்சானுக்கு போன் போட்டு, இப்படி ஒருத்தன் வருவான், பேச்சே குடுக்காதன்னு சொல்லிருங்க.

ஏன் இவ்ளோ அவசரப்படுத்துறேன்னா, தியேட்டர்ல போன வச்சு படத்த எடுத்தா யாரு எடுத்தான்னு எப்படி தெரியும்னு நம்ம பக்கம் இன்னும் நிறைய பேர் நினைச்சிட்டு இருக்காங்க, அது பிலிம் பெட்டி பஸ்ல வந்த காலத்து நினைப்பு. இப்ப படம் பூட்டு போட்ட ஃபைலா தான் தியேட்டருக்கு வருது, அந்த பூட்டுக்கான சாவி அந்த ஒரு சர்வருக்கு மட்டும், குடுத்த தேதிக்கு மட்டும் தான் வேலை செய்யும், கேடிஎம்னு சொல்லுவாங்க, மச்சானுக்கு நல்லா தெரியும். படம் ஓடும்போது சர்வர் படத்துக்குள்ளயும் சவுண்டுக்குள்ளயும் கண்ணுக்கு தெரியாத, காதுக்கு கேட்காத ஒரு குறிய பதிச்சுக்கிட்டே போகும், எந்த சர்வர், எந்த தேதி, எத்தனை மணிங்கிறது அதுல இருக்கு. போன்ல எடுத்தாலும் சரி, அப்புறம் சைஸ குறைச்சாலும் சரி, அந்த குறி தாங்கி நிக்கிற மாதிரி தான் செஞ்சிருக்காங்க. வெளிய வந்த பிரிண்ட கொண்டுபோய் பார்த்தா இந்த ஊரு, இந்த ஸ்கிரீன், இந்த ஷோன்னு வந்து நிக்கும். அப்ப அந்த ஷோவுக்கு கேபின்ல டியூட்டி பார்த்தது யாருன்னு தானே முதல்ல கேப்பாங்க? எடுத்தவன் பஸ் ஏறி போயிருப்பான்.

2024 ஜூலைல திருவனந்தபுரத்துல ஒரு தியேட்டர்ல புது தமிழ் படத்த போன்ல எடுத்துட்டு இருக்கும்போதே ஒருத்தர கேரளா போலீஸ் பிடிச்சாங்க, அவரு நம்ம மதுரைக்காரர். அதே வருஷம் அக்டோபர்ல கேரளா போலீஸ் பெங்களூர் வரைக்கும் போய் ரெண்டு பேர பிடிச்சாங்க, அவங்க ஒரு மலையாளப் படத்த கோயமுத்தூர் தியேட்டர்ல எடுத்த கேஸ். ஸ்டேட் விட்டு ஸ்டேட் வந்து பிடிக்கிறாங்கங்கிறத கவனிங்க.

2023ல சினிமாட்டோகிராஃப் சட்டத்த திருத்தினப்ப 6ஏஏ, 6ஏபின்னு ரெண்டு புது பிரிவு சேர்த்தாங்க. தியேட்டர்ல ரெக்கார்ட் பண்றது, பண்ண முயற்சி பண்றது, அதுக்கு உதவி பண்றது எல்லாமே குத்தம். குறைஞ்சது 3 மாசம், அதிகபட்சம் 3 வருஷம் ஜெயில். அபராதம் குறைஞ்சது 3 லட்சம், மேல போனா அந்த படத்தோட ஆடிட் பண்ணின மொத்த தயாரிப்பு செலவுல 5 சதவீதம் வரைக்கும் போகலாம். 100 கோடி படம்னா 5 கோடி. மச்சான் சம்பளம் என்னன்னு எனக்கு தெரியாது, உங்களுக்கு தெரியும், நீங்களே கணக்கு போட்டுக்கோங்க. ஆள அறிமுகப்படுத்தி விட்ட உங்களையும் உதவி பண்ணினவர்னு தான் எழுதுவாங்க.

சரி, இப்ப உங்க கேள்விக்கு வர்றேன். "நான் திருடல, நெட்ல இருக்கிறத தான் குடுக்கிறேன்."

முப்பது வருஷமா இதே வாக்கியத்த வேற வேற ஆட்கள் வாயில கேட்டுட்டு இருக்கேன். பர்மா பஜார்ல திருட்டு விசிடி வாங்கி வந்து வித்தவரும் சொன்னாரு, நான் காப்பி போடல, மொத்தமா வாங்கி சில்லறைக்கு விக்கிறேன்னு. லோக்கல் கேபிள்ல புதுப்படம் ஓட்டினவரும் சொன்னாரு. காப்பிரைட் சட்டம் 1957 அத ஏத்துக்கல. எடுத்தவன் மட்டும் இல்ல, வியாபாரத்துக்காக பரப்புறவனும், தெரிஞ்சே துணை போறவனும் 63வது பிரிவுக்குள்ள வர்றாங்க, 6 மாசத்துல இருந்து 3 வருஷம் ஜெயில், 50 ஆயிரத்துல இருந்து 2 லட்சம் அபராதம். லாபத்துக்கு பண்ணலன்னா கோர்ட் தண்டனைய குறைக்கலாம்னு அதுல ஒரு சலுகை இருக்கு, ஆனா கார்டுக்கு 30 ரூவா வாங்கின உங்களுக்கு அந்த கதவு கிட்டத்தட்ட மூடிருச்சு, மாசம் 15 ஆயிரமும் வாங்கிட்டீங்கன்னா முழுசா மூடிரும்.

"தெரிஞ்சே"ங்கிற வார்த்தை ரொம்ப முக்கியம் தம்பி. போன வருஷம் உங்க சேனல காப்பிரைட் காரணம் சொல்லி தூக்கினாங்கல்ல, அதுக்கு முன்னாடி வரைக்கும் எனக்கு தெரியாதுன்னு சொல்லி வாதாட கொஞ்சமாவது இடம் இருந்துச்சு. தூக்கினதுக்கு அப்புறம் வேற பேர்ல திரும்ப ஆரம்பிச்சீங்க பாருங்க, அந்த ஒரு காரியம் உங்களுக்கு எதிரான பெரிய சாட்சி. என் கட்சிக்காரரா நீங்க வந்து நின்னீங்கன்னா நான் முதல்ல பயப்படப் போறது அதுக்கு தான்.

போலீஸ் கேஸ் ஆகுமான்னு கேட்டீங்க. ஆகும். 63வது பிரிவுல போலீஸ் நேரா எஃப்ஐஆர் போடலாமா, கோர்ட் அனுமதி வேணுமான்னு ரொம்ப நாள் குழப்பம் இருந்துச்சு, 2022 மே மாசம் சுப்ரீம் கோர்ட் தீர்த்து வச்சிருச்சு, நேரா போடலாம், ஸ்டேஷன்லயே ஜாமீன் கிடைக்காத, கோர்ட்ல தான் கேக்க வேண்டிய பிரிவுன்னு. சப் இன்ஸ்பெக்டர் ரேங்க்ல இருக்கிறவர் வாரண்ட் இல்லாமலே வந்து காப்பிகளையும், காப்பி போட பயன்படுத்தின சாமானையும் எடுத்துட்டு போகலாம், உங்க கடையில அது என்ன? சர்வீஸ்க்கு வந்த கஸ்டமர் போன் எல்லாம் கனெக்ட் பண்ணி வச்சிருக்கிற அதே கம்ப்யூட்டர். தமிழ்நாட்டுல இன்னொன்னும் இருக்கு, நம்ம குண்டர் சட்டத்துல 2004லயே வீடியோ பைரேட்ஸ சேர்த்துட்டாங்க, அதுல விசாரணை முடியறதுக்கு முன்னாடியே ஒரு வருஷம் வரைக்கும் உள்ள வைக்கலாம். திருட்டு விசிடிக்காக கொண்டு வந்தது, ஆனா சட்டத்துல எழுதியிருக்கிறது விசிடின்னு இல்ல, சினிமா காப்பிரைட்ட மீறுறவர்னு.

டெலிகிராம்ல அட்மின் யாருன்னு யாருக்கும் தெரியாதுன்னு ஒரு நம்பிக்கை உங்களுக்கு இருக்கும்னு நினைக்கிறேன். 2022ல டெல்லி ஹைகோர்ட்ல ஒரு டீச்சரோட வகுப்பு மெட்டீரியல சேனல் சேனலா போட்ட கேஸ்ல, அட்மின்களோட விவரத்த குடுன்னு கோர்ட் உத்தரவு போட்டு, டெலிகிராமும் போன் நம்பர், ஐபி அட்ரஸ்னு கொண்டுவந்து குடுத்துச்சு. உங்க சேனல்ல கடை பேரு வேற போட்டிருப்பீங்க.

பெட்டிங் விளம்பரம். இத சுருக்கமா முடிச்சிடுறேன், ஏன்னா இதுல யோசிக்க ஒண்ணுமே இல்ல. 2025 ஆகஸ்ட்ல வந்த ஆன்லைன் கேமிங் சட்டத்துல காசு வச்சு ஆடுற ஆன்லைன் ஆட்டத்துக்கு விளம்பரம் பண்ணினா 2 வருஷம் வரைக்கும் ஜெயில், 50 லட்சம் வரைக்கும் அபராதம். தமிழ்நாட்டு சட்டம் தனியா இருக்கு. நீங்க ஒண்ணு புரிஞ்சுக்கணும், இத்தனை சைட்டும் சேனலும் ஓசியில படம் குடுக்கிறது பாவப்பட்ட ரசிகனுக்காக இல்ல, இந்த மாதிரி விளம்பரக் காசுக்காக. 14 ஆயிரம் பேர அவன்கிட்ட கொண்டுபோய் சேர்க்கிற ஆளா உங்கள பார்க்கிறான். அந்த 14 ஆயிரத்துல உங்க தெரு பையனும் இருக்கான், ரெண்டு மாச சம்பளத்த அந்த ஆப்ல விட்டுட்டு உங்க கடை வாசல்ல தான் வந்து நிப்பான்.

இப்ப ஹீரோ விஷயம். கோடி கோடியா வாங்குறவருக்கு என்ன நஷ்டம்னு கேட்டீங்க. உண்மைய சொல்லணும்னா அந்த படத்துல அவருக்கு பெரிய நஷ்டம் இல்ல. ரிலீசுக்கு முன்னாடியே பெரும்பாலும் சம்பளம் செட்டில் ஆகிருக்கும். பெரிய ஹீரோ படத்துக்கு முதல் மூணு நாள் ரசிகர்கள் எப்படியும் வந்திருவாங்க, காலையில லீக் ஆனாலும் சாயங்காலம் ஹவுஸ்ஃபுல் போர்டு தொங்கும். 2018ல ரஜினி சாரோட 2.0 படத்துக்காக மெட்ராஸ் ஹைகோர்ட் 12 ஆயிரத்துக்கும் மேல சைட்ட முடக்கச் சொல்லி உத்தரவு போட்டுச்சு, அதுல ரெண்டாயிரத்துக்கு மேல தமிழ்ராக்கர்ஸ்ங்கிற ஒரே கும்பலோட சைட்டு, அப்படியும் ரிலீஸ் அன்னைக்கே வெளிய வந்திருச்சு, ஆனா படத்த தியேட்டர்ல பார்க்க ஜனம் போச்சு.

அடி விழறது ஹீரோ இல்லாத படத்துக்கு. எப்படின்னு சொல்றேன், எங்க ஆபீசுக்கு வந்த ஒருத்தர் கதை. திண்டுக்கல் பக்கம் ஹாலோ பிளாக் தொழில் பண்றவரு, ரெண்டு கூட்டாளி சேர்த்துக்கிட்டு புது டைரக்டர், புதுமுகங்கள வச்சு ஒரு படம் எடுத்தாரு. வெள்ளிக்கிழமை ரிலீஸ். அந்த மாதிரி படத்துக்கு முதல் நாள் யாரும் வர மாட்டாங்க, பத்து பேர் இருபது பேர் உக்காந்திருப்பாங்க, அவங்க வெளிய வந்து நல்லாருக்குன்னு சொல்லி, அவன் நாலு பேர்கிட்ட சொல்லி, திங்கள் செவ்வாய்க்கு மேல தான் கூட்டம் பிடிக்கணும், ரெண்டாவது வாரத்த நம்பி தான் அந்த படமே நிக்குது. ஞாயித்துக்கிழமை ராத்திரி எச்டி பிரிண்ட் வந்திருச்சு. அதாவது படம் நல்லாருக்குன்னு பேச்சு பரவ ஆரம்பிச்ச அதே நேரத்துல. பேச்ச கேட்டவங்க எல்லாரும் படத்த தேடினாங்க, தியேட்டர்ல தேடல. டி.கே. ஏரியா, அதாவது திருநெல்வேலி கன்னியாகுமரி பக்கத்து டிஸ்ட்ரிபியூட்டர் செவ்வாய்க்கிழமை போன் பண்ணி, அண்ணே கலெக்‌ஷன் ஏறல, ஷோவ குறைக்கிறாங்கன்னு சொன்னாரு, வியாழக்கிழமையோட தூக்கிட்டாங்க.

அவரு எங்க ஆபீஸ்ல உக்காந்து போன எடுத்து எனக்கு காட்டினாரு. ஒரு டெலிகிராம் சேனல், உங்களது மாதிரியே, அவர் படத்தோட ஃபைல், அதுக்கு கீழ அந்த கண்ணு படம் போட்டு பார்வை எண்ணிக்கை இருக்கும்ல, அதுல ஒரு லட்சத்து சொச்சம். கமெண்ட்ல "செம்ம படம் ப்ரோ", "இந்த படம்லாம் ஏன் ஓட மாட்டேங்குது"ன்னு எழுதிருக்காங்க. அத அவரே எனக்கு வாசிச்சு காட்டினாரு. அதுக்கு மேல அவரால பேச முடியல.

ஓடிடியில காசு வந்திருக்குமேன்னு கேப்பீங்க. முதல்ல ஒரு தொகை பேசிட்டு இருந்தாங்க, தியேட்டர்ல ஓடலன்னதும் மொத்தமா குடுக்க முடியாது, ஜனங்க பார்க்கிற நேரத்துக்கு ஏத்த மாதிரி ஷேர் தர்றோம்னு மாத்திட்டாங்க. சின்ன படம் நிறைய இப்படி தான் போகுது. பார்க்கிற ஒவ்வொரு மணி நேரத்துக்கும் தான் காசு, சேனல்ல பார்த்த அந்த ஒரு லட்சம் பேரோட நேரம் அவர் கணக்குல வராது. அதனால தான் சொல்றேன், உங்க சேனல்ல ஒரு படத்த பார்த்தா யாருக்கு நஷ்டம்னு கேட்டா, எனக்கு ஹீரோ முகம் ஞாபகம் வர்றதில்ல, இவர் முகம் தான் வருது. இப்ப திரும்ப ஹாலோ பிளாக் தான் போடுறாரு, கடன் இன்னும் முடியல. அந்த டைரக்டருக்கு அடுத்த படம் கிடைக்கல.

பைரசி இல்லன்னா அந்த படம் ஓடிருக்கும்னு என்னால சத்தியம் பண்ண முடியாது. டவுன்லோட் பண்றவன் எல்லாரும் டிக்கெட் வாங்கிருப்பான்னு கணக்கு போடுறதும் தப்பு. 2024ல ஈஒய்ங்கிற ஆலோசனை கம்பெனியும் இணைய நிறுவனங்களோட சங்கமும் சேர்ந்து ஒரு ரிப்போர்ட் விட்டாங்க, இந்தியாவுல 2023ல பைரசி தொழிலோட மதிப்பு 22,400 கோடி, படம் சீரியல் பார்க்கிறவங்கள்ல 51 சதவீதம் பேர் திருட்டு வழியிலயும் பார்க்கிறாங்கன்னு. இது எல்லா மொழியும் சேர்த்து. எனக்கு அந்த கோடிய விட அந்த 51 தான் உறுத்துது, பாதிக்கு மேலன்னா நம்ம வீட்டு ஆளுங்களும் அதுல இருக்காங்கன்னு தானே அர்த்தம்.

உங்க கோபத்துல நியாயம் இருக்கு, அதையும் சொல்லணும். உங்க ஊர்ல தியேட்டர் இல்ல. நாலு பேர் குடும்பம் மதுரைக்கு வந்து படம் பார்த்தா டிக்கெட், பாப்கார்ன், பார்க்கிங், பஸ்னு ஒரு கூலி ஆளோட ரெண்டு மூணு நாள் சம்பளம் போயிருது. முதல் நாள் டிக்கெட்ட போர்டுல ஒரு விலை, வெளிய ஒரு விலைன்னு வித்த கூத்தையும் நானே பார்த்திருக்கேன், அதுக்கெல்லாம் சினிமாக்காரங்க தான் பதில் சொல்லணும். தியேட்டர் மூடினதுக்கு முழு காரணமும் உங்கள மாதிரி ஆள் தான்னும் சொல்ல மாட்டேன், 1952ல பராசக்தி வந்த நம்ம மதுரை தங்கம் தியேட்டர் அவ்ளோ பெருசு, டெலிகிராம்னு ஒண்ணு வர்றதுக்கு எத்தனையோ வருஷம் முன்னாடியே மூடிருச்சு. டிவி, கேபிள், விசிடி, நிலத்தோட விலைன்னு பல காரணம். ஆனா இன்னும் மூடாம இழுத்துப் பிடிச்சு நிக்கிற டவுன் தியேட்டர் ஒண்ணு இருக்கே, அதுல தானே உங்க மச்சான் வேலை பார்க்கிறாரு? அந்த தியேட்டருக்கு வர வேண்டிய ஆளுங்க தான் உங்க சேனல்ல இருக்காங்க. மச்சானோட சம்பளம் வர்ற இடத்துல நீங்களே கைய வைக்கிறீங்க, இத அவர்கிட்ட என்னைக்காவது பேசிருக்கீங்களா?

2015ல டைரக்டர் சேரன் சினிமா டு ஹோம்னு ஒரு திட்டம் கொண்டு வந்தாரு, புதுப்படத்த 50 ரூவாய்க்கு ஒரிஜினல் டிவிடியா வீட்டுக்கே கொண்டுவந்து குடுக்கிறதுன்னு. அது நிலைக்கல, ஆனா ஏழைக்கு கட்டுப்படியாகிற விலையில, நேர்மையான வழியில படம் போய் சேரணும்ங்கிற அந்த எண்ணம் சரிதான்னு இன்னைக்கும் நினைக்கிறேன். உங்க கடை மாதிரி கடைங்க தான் அதுக்கு சரியான இடமா இருந்திருக்கும். இப்பவும் இருக்கலாம். ஓடிடியோட வர்ற ரீசார்ஜ் பிளான் எதுன்னு ஊர்ல பாதி பேருக்கு தெரியாது, நீங்க சொல்லிப் போட்டு விடுங்க, கமிஷன் வருது. பெரியவங்களுக்கு ஆன்லைன்ல டிக்கெட் போடத் தெரியாது, போட்டுக் குடுத்து பத்து ரூவா வாங்குங்க. யூடியூப்ல உரிமை உள்ள கம்பெனிங்களே பழைய தமிழ் படம் முழுசா போட்டு வச்சிருக்காங்க, விளம்பரத்தோட ஓசியில பார்க்கலாம், எம்ஜிஆர் சிவாஜி படம் கேட்டு வர்ற தாத்தாவுக்கு அத திறந்து காட்டுங்க. மச்சான் தியேட்டர் முதலாளிகிட்ட பேசி ஷோ டைம், டிக்கெட் விவரத்த உங்க கஸ்டமர் குரூப்ல போடுங்க, அவர் ஏதாவது தருவாரு. 15 ஆயிரம் வராது, அது எனக்கும் தெரியும். ராத்திரி தூக்கம் வரும்.

இப்ப செய்ய வேண்டியது. சேனல்ல லிங்க் போடுறத இன்னையோட நிறுத்துங்க, போட்ட லிங்க எடுத்துட்டு சேனல மூடுங்க, மூணாவதா ஒண்ணு வேற பேர்ல வேண்டாம். கடை கம்ப்யூட்டர்ல இருக்கிற புதுப்படமெல்லாம் போகட்டும், மெமரி கார்டு ஏத்துற போர்ட கழட்டிருங்க. அந்த பெட்டிங் ஆள் அனுப்பின மெசேஜ மட்டும் அழிக்காதீங்க, ஸ்கிரீன்ஷாட் எடுத்து வச்சுக்கிட்டு பதில் போடாம பிளாக் பண்ணுங்க. அவன்கிட்ட காசு எதுவும் வாங்கினீங்களான்னு நீங்க எழுதல, வாங்கலன்னே வச்சுக்கிறேன், வாங்கிருந்தீங்கன்னா எங்கிட்ட மறைக்காம சொல்லுங்க.

இது எல்லாம் போலீஸ்ல இருந்து எதுவும் வராத வரைக்கும். ஒருவேளை ஸ்டேஷன்ல இருந்து 35(3) நோட்டீஸ்னு ஒரு பேப்பர் வந்துச்சுன்னா, விசாரணைக்கு வாங்கன்னு கூப்பிடுறது அது, பயந்து ஓடிறாதீங்க, போகாம இருந்தா தான் கைதுக்கு வழி. அதுக்கு அப்புறம் கம்ப்யூட்டர ஃபார்மட் பண்றது, போன உடைக்கிறது, சேனல அழிக்கிறது எதுவும் கூடாது, சாட்சிய அழிச்சார்னு அது தனி கேஸ் ஆகிரும். பேப்பர்ல என்ன தேதி, எந்த ஸ்டேஷன், எந்த பிரிவுன்னு பார்த்துட்டு, அந்த தேதிக்கு முன்னாடி உங்க ஊர்ல நம்பிக்கையான ஒரு வக்கீலையாவது பாருங்க, இல்லன்னா மதுரைக்கு கிளம்பி வாங்க. வரும்போது மச்சானையும் கூட்டிட்டு வாங்க தம்பி, அவர்கிட்டயும் நான் ரெண்டு வார்த்தை பேசணும்.